வாலை அறுத்தவர்களும் பெயரே இல்லாதவர்களும்

‘தமிழ்நாட்டில் யாரும் பெயருக்குப் பின்னால் சாதி போட்டுக்கொள்வதில்லை. வடநாட்டைப் பாருங்கள்: சர்மா, மிஸ்ரா, சதுர்வேதி... நாம் எப்போதோ அறுத்தெறிந்துவிட்டோம்.’ எந்த மேடையில் போய் உட்கார்ந்தாலும் இந்தப் பெருமை காதில் விழும். பேசுகிறவர் முற்போக்காளராக இருந்தாலும் சரி, தமிழ்த் தேசியராக இருந்தாலும் சரி, கல்லூரி ஆசிரியராக இருந்தாலும் சரி. கைதட்டலும் விழும். சேரியிலிருந்து போன நாமும் சேர்ந்து தட்டிவிட்டு எழுந்து வருகிறோம். திரும்பி வரும் வழியில் ஒரு கேள்வி மட்டும் நெருஞ்சி முள் மாதிரி காலில் ஏறுகிறது: அறுக்கறதுக்கு நம்மகிட்ட எந்த வால் இருந்துச்சு?

சுயமரியாதை இயக்கத்தைச் சிறுமைப்படுத்த இதை எழுதவில்லை. 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் நடந்த முதல் மாகாண மாநாட்டில் சாதிப் பட்டங்களைத் துறக்கத் தீர்மானம் போட்டார்கள். அது பெரிய காரியம். இந்தியாவின் வேறு பகுதிகளில் இன்றைக்கும் நடக்காத காரியம். ஆனால் வாலை அறுக்க முதலில் வால் வேண்டும். முதலியார், நாயக்கர், செட்டியார், ரெட்டியார், ஐயர், ஐயங்கார் - இவை பட்டங்கள். இவற்றின் கடைசியில் மரியாதை விகுதி ஒன்று சப்பணமிட்டு உட்கார்ந்திருக்கிறது. அறுத்தவர்கள் ஒரு பட்டத்தைத் துறந்தார்கள். துறந்த பிறகும் ‘ஐயா’ மிச்சமிருந்தது, ‘அவர்’ மிச்சமிருந்தது, நிலமும் திண்ணையும் மிச்சமிருந்தன. நம்முடைய சாதிப் பெயரோ பட்டமல்ல, வசவு. அதை யாரும் நம் பெயருக்குப் பின்னால் ஒட்டவில்லை. பெயருக்குப் பதிலாகவே வைத்துக்கொண்டார்கள்.

ஆகவே பெயர் விஷயத்தில் தமிழகத்தில் நடந்தது ஒரு வரலாறு அல்ல, இரண்டு. ஒன்று, பட்டத்தைத் துறந்தவர்களின் வரலாறு. அது பாடப் புத்தகம் வரை வந்துவிட்டது. மற்றொன்று, ஒரு முழுப் பெயரை எடுத்துக்கொள்ளவும், எடுத்த பெயரை ஊர் வாயால் மரியாதையாகச் சொல்லவைக்கவும் நடந்த, இன்னும் நடந்துகொண்டிருக்கிற போராட்டம். அதை நாம்தான் எழுத வேண்டும்.

*

மநுதர்மத்தின் இரண்டாம் அத்தியாயத்தில் 31, 32ஆம் சுலோகங்கள் பெயர் வைப்பதற்குச் சட்டம் போடுகின்றன. பார்ப்பனன் பெயரில் மங்கலம் இருக்க வேண்டும், சத்திரியன் பெயரில் வலிமை, வைசியன் பெயரில் செல்வம், சூத்திரன் பெயரில் இழிவு. இரண்டாவது பாகமாக ஒட்டும் சொல்லும் அப்படியே: சூத்திரனுக்கு ஏவல் தொழிலைக் காட்டும் சொல். நாலு வருணத்துக்கும் வெளியே நிறுத்தப்பட்ட நமக்கு அங்கே வரிசையே இல்லை. இழிவான பெயருக்குக்கூட சூத்திரன்தான் உரிமையாளன்!

எந்த ஊர் நாட்டாமையும் மநுதர்மத்தைப் படித்துவிட்டு நடக்கவில்லை. படிக்க வேண்டிய அவசியமும் இல்லை. அந்தச் சட்டத்தை ஊர் தன் நாக்கிலேயே வைத்திருக்கிறது. சேரியில் ஒருவருக்கு முனுசாமி என்று பெயர் வைத்தாலும் ஊருக்குள் அவர் முனியன்தான். மாரிமுத்து என்றால் ‘டேய் மாரி’. கோவிந்தசாமி என்றால் ‘கோயிந்தா’. வாலை அறுப்பதில் இவர்களுக்கு இருந்த தேர்ச்சியைப் பாருங்கள்! தங்கள் பெயருக்குப் பின்னாலிருந்த சாதியை அறுக்க ஒரு மாநாடு தேவைப்பட்டது. நம் பெயருக்குப் பின்னாலிருந்த சாமியை அறுக்க எந்த மாநாடும் தேவைப்படவில்லை. பத்து வயசுப் பிள்ளை அறுபது வயசுக்காரரை இப்படிக் கூப்பிடும். அறுபது வயசு, துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ‘இன்னாங்க சின்ன ஆண்டே’ என்று கேட்கும்.

*

எங்க அப்பா பேரு குப்பன்.

நான் படித்த உயர்நிலைப் பள்ளியில் ஒரு வாத்தியார். வருகைப் பதிவேட்டில் எங்கள் பெயருக்கு முன்னால் இருந்த முதலெழுத்தை மட்டும் விரித்துக் கேட்பார். ஊர்த்தெருப் பையன்களிடம் கேட்க மாட்டார், அவர்கள் அப்பாவை அவருக்கே தெரியும். எங்களிடம்தான். ‘கு... ன்னா இன்னாடா?’ ‘குப்பன் சார்.’ ‘சத்தமா சொல்லு.’ ‘குப்பன் சார்.’ வகுப்பே சிரிக்கும். ‘குப்பைக்குப் பொறந்தது கோபுரத்துக்கு வந்திருக்கு’ என்பார். அன்றைக்கு எனக்கு அந்த வாத்தியார்மேல் கோபம் வரவில்லை. அதுதான் கொடுமை. கோபமெல்லாம் எங்க அப்பாமேல் வந்தது. உலகத்தில் இத்தனை பேர் இருக்க, இந்தப் பேரை ஏன்யா வெச்சுக்கிட்ட என்று.

பிறகு இயக்கத்துக்கு வந்தேன். நம் பேச்சாளர்கள் விளக்கம் சொன்னார்கள்: குப்பன், பிச்சை, மண்ணாங்கட்டி, அமாவாசை - இவையெல்லாம் ஆண்டைகள் நம்மை இழிவுபடுத்த வைத்த பெயர்கள். கேட்க ஆறுதலாக இருந்தது. நானும் பல கூட்டங்களில் அதையே பேசினேன். ஒருநாள் ஆயாவிடம் கேட்டேன், ‘எந்த ஆண்டை வெச்சான் இந்தப் பேரை?’ ஆயா சிரித்தது. ‘ஆண்டை எங்கடா வெச்சான்? நான்தான் வெச்சேன். மூத்தது ரெண்டும் தக்கல. இவன் பொறந்ததும் மொறத்துல போட்டு குப்பைமேட்டுல கெடத்திட்டு வந்துட்டேன். பக்கத்து வூட்டுக்காரி எடுத்தாந்து குடுத்தா. குப்பையில கெடந்தது, எனக்கு வேணாம்னு எமன் போயிட்டான்.’

அகராதியைப் புரட்டினால் இதெல்லாம் கிடைக்காது, தோழர்களே. பிள்ளை தங்காத வீடுகளில் இந்த வழக்கம் எல்லாச் சாதியிலும் இருந்தது. நாலு வீட்டில் பிச்சை கேட்டு வளர்த்தால் பிச்சை. மூக்கு குத்தி விட்டால் மூக்கன், மூக்காயி. தவிட்டைக் கொடுத்துப் பிள்ளையை வாங்குவதாக ஒரு சடங்கும் உண்டு. சாவை ஏமாற்ற ஏழைத் தாய்மார்கள் கண்டுபிடித்த தந்திரம் இது. ஊர்த்தெருவிலும் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்த பிள்ளைகள் உண்டு. அவர்கள் குப்புசாமி ஆனார்கள், குப்புசாமிக்குப் பின்னால் பட்டமும் சேர்ந்தது. அதே குப்பை, அதே முறம். சேரிப் பிள்ளைதான் கடைசிவரை குப்பன்.

அப்படியானால் இழிவு எங்கே இருக்கிறது? பெயரின் வேர்ச்சொல்லில் இல்லை. கூப்பிடுகிற வாயில் இருக்கிறது. எமனை ஏமாற்றிய பெயரால் அந்த வாத்தியாரை ஏமாற்ற முடியவில்லை. ‘எல்லாம் ஆண்டை வைத்த பெயர்’ என்று நாமே சொல்லும்போது, நம் தாய்மார்களின் துக்கத்தையும் புத்தியையும் தூக்கி ஆண்டை கையில் கொடுத்துவிடுகிறோம். இதில் நானும் குற்றவாளி.

*

நம்மை யார் பெயரிடுவது? கடந்த 130 ஆண்டுகளாக நடக்கும் சண்டையே இதுதான்.

1845இல் பிறந்த காத்தவராயன் தம் ஆசிரியரின் பெயரை எடுத்துக்கொண்டு அயோத்திதாசர் ஆனார். பறையர், பஞ்சமர் என்று அரசு எழுதுவதை மறுத்து, சாதிபேதமற்ற திராவிடர் என்றும் பூர்வ பௌத்தர் என்றும் எழுதக் கேட்டவர். 1907இல் அவர் தொடங்கிய இதழின் பெயர் தமிழனைக் கொண்டது. ரெட்டைமலை சீனிவாசனோ 1893இல் தொடங்கிய இதழுக்கு ‘பறையன்’ என்றே பெயர் வைத்தார். எந்தப் பெயரைச் சொல்லி மிதித்தாயோ அதே பெயரோடு எழுந்து நிற்கிறேன் என்பது அவர் வழி. அந்தப் பெயரே நீ எனக்குப் போட்டது, எனக்கு வேண்டாம் என்பது இவர் வழி. இருவரும் மோதிக்கொண்டார்கள். ஆனால் ஒரு விஷயத்தில் இருவரும் ஒன்று: என் பெயரை நான்தான் முடிவு செய்வேன். 1922இல் எம்.சி. ராஜா சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்து, அரசு ஆவணங்களில் ‘ஆதிதிராவிடர்’ என்பதை ஏற்கவைத்ததும் இந்த வரிசையில்தான்.

மகாராட்டிரத்தைப் பாருங்கள். ராம்ஜி சக்பால் மகன் பீமராவ். சொந்த ஊர் இரத்தினகிரி மாவட்டத்து அம்பாவடே. ஊர்ப் பெயரோடு ‘கர்’ சேர்த்துக் குடும்பப் பெயராக்குவது அங்கே எல்லாச் சாதிக்கும் பொதுவான வழக்கம். பள்ளிப் பதிவேட்டில் ஏறியது அம்பேத்கர். சாதி சொல்லாத, ஊரை மட்டும் சொல்லுகிற அந்தப் பெயரை, பிற்பாடு ஊர்களே அஞ்சுகிற பெயராக அவர் மாற்றிக் காட்டினார்.

இதற்கு நேர் எதிராக வந்தது ‘ஹரிஜன்’. 1933இல் காந்தி அந்தப் பெயரில் பத்திரிகையே தொடங்கினார். கடவுளின் மக்களாம்! கோயிலுக்குள் விடமாட்டார்களாம், ஆனால் கடவுளின் மக்களாம். 1938இல் பம்பாய் சட்டமன்றத்தில் ஒரு மசோதாவில் இந்தச் சொல்லைப் புகுத்தியபோது அம்பேத்கர் எதிர்த்தார். கேட்கவில்லை. தம் கட்சியினரோடு வெளியேறினார். ஒரு சொல்லுக்காகவா வெளிநடப்பு என்று அன்றைக்குக் கேட்டவர்கள் உண்டு. 1982இல்தான் மத்திய அரசு அந்தச் சொல்லைச் சான்றிதழ்களில் எழுத வேண்டாமென்று சுற்றறிக்கை விட்டது. 44 ஆண்டு! 2018இல் இன்னொரு கூத்து. நாமே தேர்ந்தெடுத்த ‘தலித்’ என்ற சொல்லைத் தவிர்க்கும்படி ஊடகங்களுக்குத் தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் அறிவுரை அனுப்பியது. அவர்கள் வைத்த பெயர் நீங்க அரை நூற்றாண்டுக்குக் கிட்ட ஆகும். நாம் வைத்துக்கொண்ட பெயரை நீக்க ஒரு தாள் போதும்.

*

பெயர் விஷயத்தில் அரசின் கை எவ்வளவு நீளம் என்று தெரிய வேண்டுமானால் கிறித்துவச் சேரிகளுக்குப் போக வேண்டும். 1950ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணை, இந்துவாக இருந்தால்தான் பட்டியல் சாதி என்றது. 1956இல் சீக்கியருக்கும் 1990இல் பௌத்தருக்கும் கதவு திறந்தது. கிறித்துவருக்கும் முஸ்லிமுக்கும் இன்றுவரை இல்லை. விளைவு? ஒரே ஆளுக்கு இரண்டு பெயர். சான்றிதழில் முருகன், கோயிலில் மைக்கேல். பள்ளிக்கூடத்தில் லட்சுமி, பூசையில் லூர்துமேரி. 2024 நவம்பரில் புதுச்சேரியிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம், மதம் மாறியவர் இட ஒதுக்கீட்டுக்காக இந்து என்று சொல்வது அரசியலமைப்பின் மீதான மோசடி என்று தீர்ப்பளித்தது. மோசடி யார் செய்தது? கல்லறைத் தோட்டத்தில்கூடத் தனி இடம் ஒதுக்கி அவனைப் பறையனாகவே வைத்திருக்கிற ஊரா? பறையனாக இருப்பது உண்மை, ஆனால் மைக்கேலாக இருந்தால் பறையனில்லை என்கிற சட்டமா? அல்லது இரண்டு பெயருக்கு நடுவில் மூச்சுத் திணறுகிற அந்த மனுஷனா?

*

‘சரி, நல்ல தமிழ்ப் பெயராக வைத்துக்கொண்டால் முடிந்ததே’ என்பார்கள். பாதி உண்மை. 1916இல் வேதாசலம் மறைமலை அடிகளானார். நாராயணசாமி நெடுஞ்செழியனானார், ராமையா அன்பழகனானார். அந்த அலையில் அறிவழகனும் தமிழ்ச்செல்வியும் சேரிக்குள்ளும் வந்தார்கள். பெயரை வைத்துச் சாதியைக் கண்டுபிடிக்க முடியாத ஒரு தலைமுறை உருவானது. விடுதலைச் சிறுத்தைகள் 2000களின் தொடக்கத்தில் பெயர் மாற்ற நிகழ்ச்சிகளை நடத்தியபோது, தொல். திருமாவளவன் தம் தந்தை ராமசாமியின் பெயரையே தொல்காப்பியன் என்று மாற்றினார். மகன் அப்பனுக்குப் பெயர் வைத்த கலகம் அது.

ஆனால் சாதிக்கு மோப்பம் அதிகம். 1699இல் கால்சா தொடங்கியபோது ஆணுக்கெல்லாம் சிங், பெண்ணுக்கெல்லாம் கௌர் என்றார்கள். பஞ்சாப் கிராமங்களில் மஜபிகளுக்குத் தனிக் குருத்வாராவும் தனிச் சுடுகாடும் இன்றும் உண்டு. துப்புரவுத் தொழிலில் தள்ளப்பட்டவர்களிடம் ஆரிய சமாஜிகள் பரப்பிய ‘வால்மீகி’ என்ற பெயரே வடக்கில் புதிய சாதி முத்திரையாகிவிட்டது. ஓம்பிரகாஷ் வால்மீகி 1997இல் வந்த தம் ‘ஜூட்டன்’ தன்வரலாற்றின் கடைசிப் பகுதியில், அந்தப் பெயரை விட்டுவிடும்படி சொந்த வீட்டாரே நெருக்கியதையும், தாம் விடாமல் நின்றதையும் எழுதியிருக்கிறார்.

பெயரை வைத்து வேலை தருவதில்லை என்பவர்களுக்கு ஒரு கணக்கு. சுகதேவ் தோரட்டும் பால் அட்வெல்லும் 2007இல் வெளியிட்ட ஆய்வு. தனியார் நிறுவனங்களின் 548 வேலை விளம்பரங்களுக்கு 4,808 விண்ணப்பங்கள் அனுப்பினார்கள். தகுதியில் வித்தியாசம் இல்லை, பெயரில்தான் வித்தியாசம். சாதி இந்துப் பெயருக்கு அடுத்த கட்ட அழைப்பு வரும் வாய்ப்பை 1 என்று வைத்தால், தலித் பெயருக்கு 0.67, முஸ்லிம் பெயருக்கு 0.33. நேரில் ஆளைப் பார்க்கவே இல்லை. பெயரை மட்டும் பார்த்தார்கள்.

நம் ஊரில் பெயர் உதவவில்லையென்றால் அடுத்த கேள்வி வரும். ‘தம்பி எந்த ஊரு?’ சொல்கிறோம். ‘அந்த ஊர்ல எந்தப் பக்கம்?’ சொல்லித் தொலைக்கிறோம். ‘ஓ... காலனியா?’ 2025 ஏப்ரலில் ‘காலனி’ என்ற சொல் அரசு ஆவணங்களிலிருந்து நீக்கப்படும் என்று முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். அக்டோபரில் தெருக்கள், குடியிருப்புகளின் சாதிப் பெயர்களை நீக்க அரசாணை வந்தது. வரவேற்கிறோம். பலகை மாறட்டும். ஆனால் மழை பெய்தால் பிணம் தூக்கிப் போக வழியில்லாத அதே பாதைக்கு நகர் என்று பெயர் வைத்தால், நாளைக்கு ‘ஓ... நகரா?’ என்று கேட்பார்கள். அவ்வளவுதான்.

இன்னொரு பக்கம் அறுந்த வால்கள் மறுபடியும் முளைக்கின்றன. திருமணப் பத்திரிகையைப் பாருங்கள், சுவரொட்டியைப் பாருங்கள், பள்ளிப் பிள்ளைகள் மணிக்கட்டில் கட்டியிருக்கும் கயிற்றின் நிறத்தைப் பாருங்கள். 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனையும் அவன் தங்கையையும் கூடப்படித்த பையன்களே வீடு புகுந்து வெட்டினார்கள். அதையடுத்து அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு, பள்ளிகளின் பெயரிலிருந்தே சாதியை நீக்க வேண்டும் என்று 2024 ஜூனில் பரிந்துரைத்தது. 1929க்குப் பிறகு 95 ஆண்டு கழித்து! ‘நாம் எப்போதோ அறுத்தெறிந்துவிட்டோம்’ என்ற மேடைப் பேச்சை இந்தப் பரிந்துரைக்குப் பக்கத்தில் வைத்துப் படியுங்கள்.

*

வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989இல் வந்தது. 2015இல் திருத்தப்பட்டது. பொதுமக்கள் பார்வையில் படும் இடத்தில் சாதிப் பெயரைச் சொல்லித் திட்டினால் குற்றம். காவல் நிலையத்தில் புகாரோடு போனால் முதல் கேள்வியே ‘சாதிப் பேரைச் சொன்னாரா? எந்த வார்த்தை சொன்னார், கரெக்டா சொல்லு’ என்பதுதான். ஊர் புத்திசாலி. சாதிப் பெயரைச் சொல்வதைக் குறைத்துக்கொண்டது. இப்போது ‘டேய் குப்பா’ மட்டும்தான். வேண்டுமென்றே இழிவுபடுத்துவதும் அதே சட்டத்தில் குற்றம்தான். ஆனால் ‘பேரைச் சொல்லித்தானே கூப்பிட்டேன், அவன் பேரே அதானே’ என்று சொல்பவனை எந்தக் கூண்டில் ஏற்றுவாய்? நம் சொந்தப் பெயரையே வசவாக்குகிற நாக்குக்கு இன்னும் சட்டம் வாய்ப்பூட்டு போடவில்லை.

நம் பக்கமும் பார்க்க வேண்டும். எங்க ஆயாவின் பெயர் என்ன என்று எனக்குத் தெரிந்தது அது செத்த பிறகு, கருமாதிப் பத்திரிகை அடிக்கும்போது. ரேஷன் அட்டையைப் பார்த்து எழுதினோம். வயலில் ‘ஏ புள்ளே’, வீட்டில் ‘இந்தா’, எங்களுக்கு ‘ஆயா’. எமனை ஏமாற்றிய அந்தப் பெண்ணுக்கு வாழ்நாள் முழுக்க யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. தோழர் தோழர் என்று முழங்குகிற நம் கூட்டங்களில் எத்தனை பேர் அம்மாவின் முதலெழுத்தைப் போட்டிருக்கிறோம்? நானும் போடவில்லை. ஆண்டையின் நாக்கைத் திருத்துவதற்கு முன் நம் நாக்கையும் கொஞ்சம் நீட்டிப் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

*

என் தம்பி வெளிநாட்டில் வேலை பார்க்கிறான். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம். தமிழனுக்கு ஏது குடும்பப் பெயர்? அப்பா பெயரைப் போட்டார்கள். போன மாதம் போனில் சொன்னான், ‘அண்ணே, இங்க ஆபீஸ்ல எல்லாரும் என்னை மிஸ்டர் குப்பன்னுதான் கூப்பிடறாங்க.’ அம்மா பக்கத்தில் இருந்தது. ‘யார்ரா, வெள்ளைக்காரனா? மரியாதையாவா கூப்பிடறான்?’ என்று இரண்டு தடவை கேட்டது.

எனக்குச் சந்தோஷமாக இருந்தது, மறைக்கவில்லை. ஆனால் அதோடு நிறுத்திக்கொள்ள முடியாது. குப்பன் என்ற பெயருக்கு ஒரு மரியாதை கிடைக்க ஏழு கடல் தாண்ட வேண்டும் என்பது வெற்றியல்ல. அந்தப் பெயர் எந்த டீக்கடையில் அசிங்கப்பட்டதோ அந்த டீக்கடையில், எந்தப் பதிவேட்டில் சிரிப்பாய்ச் சிரித்ததோ அந்தப் பதிவேட்டில் அதற்கு மரியாதை கிடைக்க வேண்டும்.

படிக்கிற பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். பெயரை மாற்ற விரும்பினால் மாற்றுங்கள். அது உங்கள் உரிமை. பௌத்தப் பெயரோ தமிழ்ப் பெயரோ, நீங்களே தேர்ந்தெடுங்கள். ஆனால் வெட்கப்பட்டு மாற்றாதீர்கள். உங்கள் பாட்டியிடம் உட்கார்ந்து அப்பா பெயர் எப்படி வந்தது என்று கேளுங்கள், எழுதிவையுங்கள். முதலெழுத்தை விரித்துக் கேட்டால் சத்தமாகவே சொல்லுங்கள். சிரிக்கிறவனின் தாத்தா பெயரைத் திருப்பிக் கேளுங்கள். எவனாவது ‘டேய்’ என்றால் திரும்பிப் பார்க்காதீர்கள். முழுப் பெயரையும் ‘அவர்களே’ சேர்த்துக் கூப்பிடும்வரை நம் காது கேட்காது என்று ஒரு சேரி முழுக்க முடிவெடுத்துப் பாருங்கள். அறுவடைக் காலத்தில் அந்த முடிவை எடுங்கள். கூப்பிடுவார்கள்.